தூசி என்று சொல்லச் சொன்னாய்

மச்சான்,

போன வாரம் ஒருவனைக் கன்னத்தில் அறைந்துவிட்டேன். இந்த வயதில், பட்டப்பகலில், நாலு பெண்கள் பார்க்க. கள்ளக்குறிச்சியில், இப்போது நான் இருக்கிற தெருவின் மாவு மில்லில் கோதுமை அரைக்க நின்றுகொண்டிருந்தேன். மில்லை ஓட்டுகிறவன் மாவு வந்து விழும் துணிக் குழாயைத் தட்டி உதறினான். வெள்ளையாகப் புகை கிளம்பி டியூப் லைட்டே மங்கிப்போயிற்று. சூடான மாவு வாசனை மூக்கில் ஏறியது. அந்தப் புகைக்கு நடுவிலேயே நின்றுகொண்டு, காதில் செருகியிருந்த பீடியை எடுத்து வாயில் வைத்து, தீப்பெட்டியை உரசப் போனான். என் கை எப்போது எழுந்தது என்று எனக்கே தெரியாது.

"யோவ், இன்னாய்யா, பைத்தியமா புடிச்சிருக்குது ஒனக்கு?" என்று எகிறினான். வயதானவன் என்பதால் திருப்பி அடிக்காமல் விட்டான், பாவம். "மாவு வெடிக்கும்டா, மாவு வெடிக்கும்" என்று நான் கத்தினேன். கத்தக் கத்த என் குரல் எனக்கே பைத்தியக்காரக் குரலாகத்தான் கேட்டது. வரிசையில் நின்ற பெண்களில் ஒருத்தி பக்கத்தில் நின்றவளிடம், "மாவு வெடிக்குமாம். தோசக்கல்லாண்ட பாத்து நில்லுடி" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள்.

அந்தச் சிரிப்பு எனக்குப் பழக்கமானதுதான். நாங்களும் அப்படித்தான் சிரித்தோம், உன்னைப் பார்த்து. கோதுமையை அங்கேயே வைத்துவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். உன்னோடு பேசி எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. பேச எனக்கு யோக்கியதை இல்லை என்பதால்தான் பேசவில்லை. இப்போதும் யோக்கியதை வந்துவிடவில்லை. ஆனாலும் எழுதுகிறேன்.

நம் மில் இருந்த இடத்தில் இப்போது கல்யாண மண்டபம். உளுந்தூர்பேட்டை சாலையில் போகிற எந்த பஸ்ஸிலிருந்தும் தெரியும். அங்கே ஒரு மாட்டுத் தீவன மில் இருந்தது என்று சொன்னால் இப்போது பாதிப் பேருக்குத் தெரியாது. சோளம், தவிடு, புண்ணாக்கு, மரவள்ளிக் கிழங்கில் மாவு எடுத்த பிறகு மிஞ்சுகிற திப்பி. மூட்டையைக் கிழித்துக் குழியில் கொட்டினால், எலிவேட்டரின் வாளிகள் அள்ளிக்கொண்டு நாற்பது அடி உயரம் போய் அரவை மெஷினில் கொட்டும். குழி உன்னுடையது. அரைத்து வந்ததை மூட்டை பிடித்துத் தைப்பது என்னுடையது. உனக்கும் எனக்கும் நடுவில் எப்போதும் தூசி. மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு நிற்போம். சாயந்திரம் குழியிலிருந்து நீ ஏறி வரும்போது கண் இமை வரைக்கும் வெள்ளையாக இருக்கும். "கெயவன் வரான் பாரு, எய்ந்து வழி வுடுங்க" என்று நான் கிண்டல் செய்வேன். நீ கிழவனாகவே இல்லை. கிழவன் ஆனது நான்.

காய்ந்த திப்பியின் தூசி எங்கே போய் உட்காராது? கூரைக்குக் கீழே ஓடுகிற இரும்புச் சட்டங்களின் மேல், ஸ்விட்ச் பெட்டியின் தலையில், சுவரில் மாட்டியிருந்த சாமி படத்தின் சட்டத்தில், விரல் கனத்துக்குப் படிந்திருக்கும். அது சும்மா கிடக்கிற தூசி இல்லை என்று அந்த மில்லில் தெரிந்துகொண்ட ஒரே ஆள் நீதான். யாரும் சொல்லித் தரவில்லை. ஊர்க் கூத்தில் அசுரன் வேஷம் கட்டுகிறவன் நீ. அசுரன் வரும்போது பந்தத்தின் மேல் குங்கிலியப் பொடியை வீசினால் குப்பென்று ஆள் உயரத்துக்கு நெருப்பு எழும். முன்வரிசையில் உட்கார்ந்திருக்கிற குழந்தைகள் அலறும். அந்தப் பொடியை உரலில் இடித்து, மெல்லிய துணியில் சலித்து, ஒரு பிஸ்கட் டின்னில் வீட்டுப் பரணில் வைத்திருப்பாய். கட்டியாக இருந்தால் உருகத்தான் செய்யும், சலித்தால்தான் பறந்து எரியும் என்று சொல்வாய்.

ஒரு நாள் மத்தியானம் கரண்டு போய்விட்டது. சாப்பாட்டுக் கொட்டகையில் சிம்னி விளக்கை ஏற்றி வைத்திருந்தோம். நீ அதன் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, உன் துண்டிலிருந்து ஒரு பிடி தூசியை உதிர்த்து, திரிக்கு மேலே மெதுவாக ஊதினாய். பக்கென்று ஒரு நெருப்பு எழுந்து அடங்கியது. மேஸ்திரியின் மீசை ஓரம் பொசுங்கியது.

"குங்கிலியம் எரியுதுன்னா அதுக்கு ஒரு நாயம் இருக்குது. தவுடும் திப்பியும் அதே மாதிரி எரியுது பாத்தீங்களா? ஒரு சிட்டிகைக்கு இம்மாம் நெருப்புன்னா, மேல சட்டத்துல கெடக்கறது மொத்தமும் ஒரே நேரத்துல பறந்தா இன்னா ஆவும்னு நெனச்சிப் பாருங்க" என்றாய்.

விஷயம் முதலாளி வரைக்கும் போயிற்று. அவர் குழிக்கு மேலே வந்து நின்று, "இன்னாடா, மில்லுல வித்த காட்டிக்கினு இருக்கியாமே? கூத்தாடி வேலையெல்லாம் கூத்தோட வச்சிக்கோ" என்றார். நாங்கள் எல்லாரும் சிரித்தோம். முதலாளி சிரிக்கும்போது சேர்ந்து சிரிப்பது மூட்டை தைப்பது போல ஒரு வேலை என்று அப்போது நினைத்தேன் போலிருக்கிறது. நீ குழிக்குள்ளிருந்து என்னை ஒரு பார்வை பார்த்தாய். அப்போது அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அப்புறம் அந்த வருஷம் வந்தது. புரட்டாசி பிறந்த கையோடு ஒரு வாரம் சாலை மறியல். நம் சாதிக்கு இடஒதுக்கீடு கேட்டு வட மாவட்டங்களில் எல்லாச் சாலைகளிலும் மரம் விழுந்தது. எலவனாசூர்கோட்டைக்குப் பக்கத்தில் புளியமரத்தை வெட்டிச் சாய்த்த கூட்டத்தில் நாம் இருவரும் இருந்தோம். கோடாலியை நீ இரண்டு பங்கு வீசினால் நான் ஒரு பங்கு வீசினேன். உனக்கு அதில் ஒரு கணக்கும் இல்லை, ஒரே ஒரு ஆசைதான் இருந்தது. தேவகிக்கு அப்போது நாலு வயது. "எம் பொண்ணு படிச்சி ஆபீசுல பேனாவுக்குக் கீழ ஒக்காரணும் மச்சான்" என்றாய். "பேனா இல்லடா, பேன். காத்தாடி" என்று நான் திருத்தினேன். "எதுக்குக் கீழயோ ஒண்ணு. வெயிலுக்குக் கீழ இல்ல, அது போதும்" என்றாய்.

ஒரு வாரம் லாரி ஓடவில்லை. மில்லும் ஓடவில்லை. மறியல் முடிந்த மறுநாளே, தேங்கிப்போன சரக்கை எல்லாம் அனுப்ப வேண்டும் என்று முதலாளி மில்லை மூச்சு விடாமல் ஓட்டச் சொன்னார். வாரத்துக்கு ஒரு நாள் நிறுத்திவிட்டுப் பெருக்குவது வழக்கம். அதையும் நிறுத்திவிட்டார். ஆயுத பூஜைக்குத்தான் சுத்தம் பண்ணப் போகிறோமே, நடுவில் எதற்கு என்பது அவர் வாதம். பத்து நாளைக்கு மேல் தூசி படிந்துகொண்டே போயிற்று. எலிவேட்டரின் பெல்ட் ஒரு பக்கமாக இழுத்துத் தகரத்தில் உரசுகிறது என்று நீ இரண்டு தடவை சொன்னாய். "பூஜைக்கு நிறுத்தும்போது பாத்துக்கலாம்" என்றார்கள்.

ஆயுத பூஜை அன்று காலையிலிருந்து சுத்தம் நடந்தது. நீளக் கழியில் துடைப்பத்தைக் கட்டிக்கொண்டு, செல்லம்மாவும் மற்றப் பெண்களும் சட்டங்களைத் தட்டித் தட்டிப் பெருக்கினார்கள். பூஜைக்கு இடம் பளிச்சென்று இருக்க வேண்டும் இல்லையா? மேலே இருந்த தூசி மொத்தமும் கீழே இறங்க ஆரம்பித்தது. இறங்கி எங்கே முடிந்தது, காற்றிலேயே தொங்கியது. எதிரில் நிற்பவர் முகம் தெரியவில்லை.

நீ மேஸ்திரியிடம் போனாய். நான் பக்கத்தில்தான் நின்றேன். "அண்ணா, தண்ணி தெளிச்சிப் பெருக்கியிருக்கணும். இப்ப இம்மாந் தூசி பறக்குது. ஷட்டரத் தொறந்து வுட்டு, சாயங்காலமாப் படையல் போடலாம்" என்றாய்.

"ஒண்ணரைக்கு ராவுகாலம் பொறந்துடுது. அதுக்குள்ள கற்பூரம் காட்டணும்னு மொதலாளி சொல்லிட்டாரு. தண்ணி தெளிச்சா திப்பி கூழாப் போயிடும். ஒனக்குத் தெரியாததா?" என்றார் மேஸ்திரி. அவர் கெட்டவர் இல்லை. ராகு காலத்துக்குப் பயந்தார், அவ்வளவுதான். நாம் எல்லாரும் எதற்குப் பயப்பட வேண்டுமோ அதற்கு மட்டும் பயப்படுவதில்லை.

நீயே போய்ப் பெரிய ஷட்டரைத் தூக்கிவிட்டாய். காற்று உள்ளே வந்தது. குழி ஓரத்தில் வாழை இலை போட்டு, பொரியும் பழமும் வைத்து, எலிவேட்டருக்கு மஞ்சள் குங்குமம் இட்டிருந்தார்கள். மெஷினை ஒரு சுற்று ஓடவிட்டு, ஓடுகிற மெஷினுக்குத்தான் கற்பூரம் காட்ட வேண்டும் என்பது அந்த மில்லின் வழக்கம். நின்றுபோன மெஷினுக்குக் காட்டினால் வருஷம் முழுக்க நின்று நின்று ஓடும் என்பார்கள். மேஸ்திரி தட்டில் கற்பூரத்தை ஏற்றினார். காற்றில் அணைந்தது. மறுபடி ஏற்றினார். மறுபடியும் அணைந்தது. ஆபீஸ் அறையில் முதலாளியும் அவர் வீட்டாரும் உட்கார்ந்திருந்தார்கள். அந்தத் தூசி பட்டுப்புடவைக்கு ஆகாது. அங்கிருந்தே அவர் எட்டிப் பார்த்து, "கற்பூரம் ரெண்டு வாட்டி நின்னா அபசகுனம்டா. எவன்டா ஷட்டரத் தொறந்து வச்சது? எறக்குங்கடா!" என்று கத்தினார்.

இறக்கியது நான்.

இதை இப்படி எழுத எனக்கு இத்தனை வருஷம் ஆகியிருக்கிறது. அவர் கத்தினார், நான் ஓடினேன், கொக்கியை மாட்டி இழுத்தேன். வேறு யாரும் அசையவில்லை. நல்ல பேர் வாங்க வேண்டும் என்று முந்திக்கொண்டு ஓடினேன். பாதி இறங்கும்போது நீ குழிப் பக்கத்திலிருந்து கூப்பிட்டாய். "டேய், ஏன்டா எறக்கற? தூசி வெளிய போவ அது ஒண்ணுதான்டா வழி." நான் உன்னைத் திரும்பிப் பார்த்து, "கம்முனு இரு மச்சான், ரெண்டு நிமிசம்தானே" என்றேன். ஷட்டர் தரையில் மோதி உட்கார்ந்தது. திருஷ்டிப் பூசணிக்காயை எடுத்துக்கொண்டு பக்கத்துச் சின்னக் கதவு வழியாக நான் கேட்டுக்குப் போனேன். பூசணிக்காய் உடைக்கிற வேலைதான் என்னைக் காப்பாற்றியது. வேறு எந்தப் புண்ணியமும் இல்லை.

கேட்டுக்குப் போய் நின்றேன். உள்ளே எலிவேட்டர் ஓட ஆரம்பிக்கிற சத்தம் கேட்டது. முதலில் தொப்பென்று ஒரு சின்னச் சத்தம், லாரியிலிருந்து மூட்டை விழுந்தது போல. அவ்வளவுதான் என்று நினைத்தேன். எலிவேட்டரின் தகரக் கூடு மேலே பிளந்துகொண்டது. அந்தச் சின்ன வெடியில் கட்டிடம் அதிர்ந்து, பெருக்காமல் விட்டிருந்த மூலை முடுக்கெல்லாம் மிச்சத் தூசியை உதறியிருக்க வேண்டும். ஒரு மூச்சு நேரம் கழித்து ஜன்னல்கள் எல்லாம் ஒரே சமயத்தில் மஞ்சளாயின. கூரைத் தகடுகள் எழுந்து நின்று, ஒவ்வொன்றாக விழுந்தன. இறக்கிய ஷட்டர் சாலைக்கு அந்தப் பக்கம் போய்க் கிடந்தது. அதன் பிறகு வந்த வாசனையைச் சொல்லாமல் விட முடியவில்லை. சோளம் வறுத்த வாசனை. பசி எடுக்கிற வாசனை, மச்சான். அதற்கு அப்புறம் நான் சோளம் தொட்டதே இல்லை.

மேஸ்திரியும் செல்லம்மாவும் அங்கேயே போய்விட்டார்கள், மற்றவர்கள் தீக்காயத்தோடு தப்பினார்கள். நீ குழிக்குள் விழுந்ததால் மூன்று நாள் இருந்தாய்.

ஆஸ்பத்திரியில் உன்னை வாழை இலையில் படுக்க வைத்திருந்தார்கள். அஞ்சலை கால்மாட்டில் உட்கார்ந்து விசிறிக்கொண்டிருந்தாள். அதற்குள் ஊரெல்லாம் ஒரே பேச்சு. மறியல்காரர்கள் மில்லில் குண்டு வைத்துவிட்டார்கள் என்று. எல்லாருக்கும் அது வசதியாக இருந்தது. மாவும் தவிடும் வெடித்தது என்று சொன்னால் சிரிப்பார்கள். குண்டு என்றால் உடனே நம்புவார்கள். நீ என்னைக் கிட்டே வரச் சொன்னாய். உதடு அசைவது மட்டும்தான் தெரிந்தது, குனிந்து கேட்டேன்.

"குண்டுன்னு சொல்லிக்கினு இருக்கானுங்களா? தூசிடா மச்சான். தூசின்னு சொல்லு. நீ பாத்த இல்ல? நான் சொன்னா எவன் கேப்பான், நீ சொல்லு."

"சொல்றேன்" என்றேன். அஞ்சலைக்கும் அது கேட்டது. அவள் என்னை நிமிர்ந்து பார்த்துத் தலையை ஆட்டினாள். உன் பெண்டாட்டி என்னை அண்ணா என்று கூப்பிடுகிறவள். அண்ணன் பார்த்துக்கொள்வான் என்று நம்பிய பார்வை அது.

நீ போன மறுநாள் என்னை ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டார்கள். மேஜையின் மேல் உன் பிஸ்கட் டின் இருந்தது. பரணிலிருந்து எடுத்து வந்திருந்தார்கள். மூடி திறந்திருந்தது. அரக்கு நிறத்தில் நீ சலித்து வைத்த பொடி.

"மரம் வெட்டுனவன் லிஸ்டுல ஒம் பேரு மூணாவதா இருக்குது. ஒனக்கு ஒரு வயசுல புள்ள இருக்குறான் போல?" என்று ஆரம்பித்தார் அங்கிருந்த அதிகாரி. பிறகு டின்னை என் பக்கம் நகர்த்தினார். "இது இன்னா பொடி?"

ஒரே ஒரு கேள்வி. ஊரில் நாலு வயதுக் குழந்தைக்குக்கூடப் பதில் தெரியும். குங்கிலியம், கூத்துக்குப் போடுவது என்று சொல்லியிருந்தால் போதும். நான் அதை உன்னோடு சேர்ந்து இடித்திருக்கிறேன். என் கையில் அப்போதும் அந்த வாசனை ஒட்டிக்கொண்டிருக்குமோ என்று பயந்து கையை வேட்டியில் துடைத்தேன்.

"தெரியாதுங்க" என்றேன்.

"வெடிமருந்து மாதிரி இருக்குது இல்ல?"

"இருக்குதுங்க."

"அவன் அதக் கொளுத்திக் காட்டி ஆளுங்களைப் பயமுறுத்துவானாமே, மில்லுல?"

"ஆமாங்க." சிம்னி விளக்குக் கதையைத்தான் முதலாளி அப்படிச் சொல்லி வைத்திருந்தார். பொய் என்று சொல்ல முடியாதபடிக்குப் பாதி உண்மை. நான் ஒருமுறை மட்டும், "சார், தூசி ஜாஸ்தியா இருந்துச்சிங்க, அதனால கூட இருக்கும்" என்று முனகினேன். "மாவு வெடிச்சிதுன்னு எழுதினா எவன்டா நம்புவான்? எம் மூஞ்சியில காறித் துப்புவான்" என்றார். காகிதத்தை நீட்டினார். நான் படிக்கவில்லை. படிக்கத் தெரியும், படிக்கவில்லை. கையெழுத்துப் போட்டேன். மரம் வெட்டிய லிஸ்டிலிருந்து என் பேரை அடித்துவிட்டார்கள்.

அந்தப் பொடியைச் சோதனைக்கு அனுப்பினார்களா இல்லையா என்பது எனக்குத் தெரியாது. செத்துப்போனவன்தான் குற்றவாளி என்று வழக்கை மூடிவிட்டார்கள். குண்டு வைத்தவன் குடும்பத்துக்கு நஷ்டஈடு எதற்கு என்று முதலாளி கையை விரித்தார். போராட்டத்தில் முன்னால் நின்ற நம் ஊர்ப் பெரியவர்கள், குண்டுக்கும் நமக்கும் சம்பந்தம் இல்லை, அவன் நம்ம ஆளே இல்லை என்றார்கள். கோடாலி பிடித்தபோது நீ நம் ஆள். நீ இரண்டு பேரைக் கொன்றாய் என்று செல்லம்மாவின் புருஷன் உன் வீட்டு வாசலில் மண்ணை வாரித் தூற்றினான். நான் என் வீட்டுக்குள் இருந்துகொண்டு அதைக் கேட்டேன். இரண்டு வீடு தள்ளித்தானே.

தேவகியைக் குண்டுக்காரன் பொண்ணு என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். பள்ளிக்கூடத்திலும் அதே பேர். ஒரு வருஷம்கூட அஞ்சலையால் தாக்குப்பிடிக்க முடியவில்லை. கரியாலூரில் டீக்கடை வைத்திருந்த அவள் அக்கா வீட்டுக்கு மலையேறிப் போய்விட்டாள். போகும்போது என்னிடம் சொல்லிக்கொள்ளவில்லை.

இடஒதுக்கீடு வந்தது மச்சான். நிஜமாகவே வந்தது. என் மகன் அதில்தான் படித்தான். இப்போது சென்னையில் காத்தாடிக்குக் கீழே கூட இல்லை, ஏசிக்குக் கீழே உட்கார்ந்திருக்கிறான். சாதிச் சான்றிதழ் வாங்கத் தாலுகா ஆபீசில் நான் நின்ற வரிசையில் நீ நின்றிருக்க வேண்டும், தேவகிக்காக. அவள் எட்டாவதோடு நிறுத்திவிட்டாள். அந்தச் சான்றிதழை மடித்துச் சட்டைப்பையில் வைத்தபோது எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அதையும் உன்னிடம் மறைக்கவில்லை.

மாவு மில்லில் அடித்துவிட்டு வந்த அன்று ராத்திரியே பஸ்ஸுக்குச் சில்லறை எடுத்து வைத்தேன். மறுநாள் காலையில் கள்ளக்குறிச்சியில் மலை பஸ் பிடித்துக் கரியாலூர் போனேன். அருவி பார்க்க வருகிறவர்கள் வண்டியை நிறுத்தித் தின்கிற கடைகளில் ஒன்று தேவகியுடையது. பேர்ப் பலகை எல்லாம் இல்லை. அவள் அடுப்பில் வடை போட்டுக்கொண்டிருந்தாள். உன் நெற்றி அவளுக்கு. அஞ்சலை பின்னால் ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். தலை முழுக்க வெளுத்துவிட்டது. பார்த்ததும் தெரிந்துகொண்டாள்.

"வாங்க ண்ணா" என்றாள். அந்த ஒரு சொல்லில் நான் உட்கார்ந்துவிட்டேன்.

எல்லாம் சொன்னேன். ஷட்டர், டின், தெரியாதுங்க, கையெழுத்து, லிஸ்ட். அழுதேன் என்று பொய் சொல்ல மாட்டேன், அழுகை வரவில்லை. அவள் வெங்காயம் உரிப்பதை நிறுத்தவே இல்லை. தேவகி மட்டும் கரண்டியை அடுப்பு ஓரம் வைத்துவிட்டுத் திரும்பி நின்றாள். கடைசியில் நான், "அது தூசிதாம்மா. அவன் சொன்ன மாதிரிதான். மாவு அப்படித்தான் எரியும்" என்றேன்.

"எரியுமா?" என்றாள் அஞ்சலை. "அவுரு எப்பவும் சொல்லிக்கினே இருப்பாரு. நான் கண்ணால பாத்ததே இல்ல. ஊரு ஒரு பேச்சு, அவுரு ஒரு பேச்சு. சில நாளு எனக்கே சந்தேகம் வந்துடும், இந்த மனுசன் நெசமாவே எதனா வச்சிட்டாரோன்னு. கட்டினவளுக்கே சந்தேகம் வந்துது ண்ணா." கத்தியைக் கீழே வைத்தாள். "நீங்க பாத்தீங்க இல்ல? காட்டுங்க."

தேவகி சிம்னி விளக்கைக் கொண்டுவந்தாள். கண்ணாடியைக் கழற்றினாள். அஞ்சலை ஒரு கிண்ணத்தில் சாமை மாவு எடுத்து வந்தாள், மலையில் விளைந்த சாமை, நன்றாகச் சலித்தது. நான் ஒரு சிட்டிகை எடுத்து, நீ செய்த மாதிரியே திரிக்கு மேலே ஊதினேன். முதல் தடவை வெறுமனே கொட்டியது. இரண்டாம் தடவை பக்கென்று எழுந்து அடங்கியது. கண் சிமிட்டுகிற நேரம். தேவகி ஒரு அடி பின்னால் போனாள். அஞ்சலை நகரவில்லை. நெருப்பு இருந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இவ்ளோதானா?" என்றாள். "இத காட்டறதுக்கா ண்ணா இத்தினி வருசம் ஆச்சி ஒங்களுக்கு?"

அவள் எழுந்துபோய்ச் சாமை மாவைச் செய்தித்தாளில் மடித்துக் கட்டினாள். விளக்கையும் ஒரு பையில் போட்டு என் மடியில் வைத்தாள். "என்னாண்ட காட்டி இன்னா ஆவப்போவுது? என்ன எவன் குண்டுக்காரன் பொண்டாட்டின்னு சொல்றான் இங்க? ஊர்ல காட்டுங்க. கோயிலாண்ட நின்னு, எல்லாரையும் கூப்புட்டு வச்சிக் காட்டுங்க. இன்னும் சொல்லிக்கினு இருக்கானுங்க இல்ல, அவனுங்க முன்னாடி." தேவகி டீ கொடுத்தாள். குடித்தேன்.

மறுநாள் ஊருக்குக் கிளம்பினேன் மச்சான். பையை மடியில் வைத்துக்கொண்டு ஜன்னல் ஓரம் உட்கார்ந்தேன். என்ன பேச வேண்டும் என்று வழியெல்லாம் சொல்லிப் பார்த்தேன். மண்டபம் தாண்டியது. நாம் மரம் வெட்டிய இடத்தில் புதுப் புளியமரம் நன்றாக வளர்ந்து நிழல் போட்டிருந்தது. எலவனாசூர்கோட்டையில் இறங்கினேன். ஊருக்குள் போகிற டவுன் பஸ் நின்றுகொண்டிருந்தது. அதில் நமக்குத் தெரிந்த இரண்டு பேர் உட்கார்ந்திருந்தார்கள், ஒருவன் என்னைப் பார்த்துக் கையைத் தூக்கினான். நானும் தூக்கினேன். அந்த பஸ் புறப்படும் வரைக்கும் அங்கேயே நின்றேன். போன பிறகு சாலையைத் தாண்டி, கள்ளக்குறிச்சி பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தேன். நான் அன்றைக்கும் அப்படித்தான், இன்றைக்கும் அப்படித்தான். விளக்கும் மாவும் இதோ மேஜை மேல் இருக்கின்றன. தினமும் காலையில் பையை எடுத்து மாட்டிக்கொள்கிறேன். எலவனாசூர்கோட்டை வரைக்கும் இன்னும் இரண்டு முறை போய்வந்தேன்.

மாவு கட்டிய செய்தித்தாள் எங்கேயோ ஓரத்தில் கிழிந்திருக்கிறது போல. முந்தாநாள் திரும்பி வருகிற பஸ்ஸில் கண்டக்டர் எனக்குச் சீட்டுக் கிழித்துக் கொடுக்கும்போது குனிந்து பார்த்தான்.

"இன்னா பெரியவரே, சட்டையெல்லாம் வெள்ளையா இருக்குது?"

குனிந்து பார்த்தேன். சட்டை, வேட்டி, கை, எல்லாம்.

"தூசிதாம்பா" என்றேன்.

நீ சொல்லச் சொன்னதைச் சொல்லிவிட்டேன் மச்சான். அவன் சில்லறையைக் கொடுத்துவிட்டு அடுத்த சீட்டுக்குப் போய்விட்டான்.